அவள் தொடக்கூடாத ஃபைல்

"எங்கம்மாவுக்கு மட்டும் ஏங்க தேதியே வரமாட்டேங்குது?"

கண்ணாடித் தடுப்புக்கு வெளியே, மழையில் சொட்டச் சொட்ட நனைந்து நின்றான் லிஃப்ட் மெக்கானிக். உள்ளே, அரசு மருத்துவமனையில் ஆபரேஷனுக்குத் தேதி போடும் அவள்.

"இடுப்பு மூட்டு ஆபரேஷன். உடனே செய்யாட்டி உயிருக்கு ஆபத்துன்னு இல்ல. யாருக்கு ரொம்ப முடியலையோ அவங்கதான் முதல்ல. மந்திரி வந்து கேட்டாலும் இதே பதில்தான்."

"மந்திரி எதுக்கு இங்க வரப்போறார்?"

அவளுக்குச் சிரிப்பு வந்தது. அடக்கிக்கொண்டாள். கோபத்திலும் இந்தக் கண்கள் ஏன் இப்படிக் கெஞ்சுகின்றன... எத்தனையோ கண்களைப் பார்த்த நாற்காலிதானே இது?

"ஒரு நாலு பேரை மட்டும் தாண்டி விடுங்களேன்..."

"அந்த நாலு பேருக்கும் பிள்ளைங்க இருக்காங்க. அவங்களும் இப்படித்தான் நனைஞ்சுட்டு வர்றாங்க."

முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு போய்விட்டான்.

மாலையில் வேலை முடிந்து வெளியே வந்தவள் வாசலிலேயே நின்றுவிட்டாள். அவன் தன் அம்மாவை முதுகில் சுமந்து மருத்துவமனைப் படியிறங்கிக்கொண்டிருந்தான். அம்மா அவன் தலைக்கு மேல் குடை பிடித்திருந்தாள்.

"ஏம்மா, தானா நடக்கிறேன்னு டாக்டர்கிட்ட சொன்னதா உங்க ஃபைல்ல இருக்கே?" என்றாள் அவள்.

"பின்ன? புள்ள தூக்கிச் சுமக்கிறான்னு நாலு பேர் முன்னாடி சொல்லவா? அப்புறம் இவனுக்கு யாரு பொண்ணு குடுப்பா?"

"ஊர்ல இருக்கிற லிஃப்டையெல்லாம் ரிப்பேர் பண்றேன்... எங்க வீட்டு மூணாவது மாடிக்கு நான்தாங்க லிஃப்ட்" என்றான் அவன், மூச்சு வாங்க.

அந்த ஒரு பொய்தான் இவர்களை வரிசையில் பின்னால் தள்ளியிருக்கிறது என்று அவளுக்குப் புரிந்தது.

"டாக்டர்கிட்ட மறுபடியும் காட்டுங்கம்மா. உள்ளதைச் சொல்லுங்க. கூட்டவும் வேணாம், குறைக்கவும் வேணாம்."

"மாட்டேன்."

"நடக்க முடியாத மாமியார்னாதான் யோசிப்பாங்க. ஆபரேஷன் முடிஞ்சு நடமாடுற மாமியாரை யாரு வேணாம்பாங்க?"

அம்மா அவளை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு மகனைப் பார்த்தாள்.

"சரி... சொல்றேன்."

மறுவாரம் அம்மா உள்ளதைச் சொன்னாள். டாக்டர் நடக்கவிட்டுப் பார்த்தார், இரண்டடிகூட முடியவில்லை. அவசரம் என்று மாற்றி எழுதினார். அவன் ஓட்டமாய் ஜன்னலுக்கு வந்தான். அவளோ பக்கத்து மேஜையைக் காட்டினாள்.

"உங்கம்மா ஃபைல் அங்க இருக்கு. தேதி அவங்க போடுவாங்க, நியாயமா."

அவன் முகம் வாடியது. "அன்னிக்கு முகத்தைத் தூக்கிட்டுப் போனதுக்குக் கோபமா?"

"வேண்டப்பட்டவங்க ஃபைலை நாங்க தொடக்கூடாது. இங்க அதான் ரூல்."

"நான்... வேண்டப்பட்டவனா?"

அவள் கண்ணைத் தாழ்த்தவில்லை. ஒரு முடிவுக்கு வந்த பிறகு பின்வாங்குவது அவள் வழக்கமில்லை.

"டாக்டர் மறுபடி பாக்கிறதுக்கு முன்னாடியே மேலதிகாரிகிட்ட சொல்லிட்டேன். அந்த அம்மாவோட மகனை எனக்குப் பிடிச்சிருக்கு, அதனால நான் பாக்கக்கூடாதுன்னு... உங்ககிட்டதான் கடைசியா சொல்றேன்."

வெளியே மழை விட்டிருந்தது. அவன் கண்ணாடித் தடுப்பை நெருங்கி வந்தான்.

"அப்ப நான் எந்த வரிசைல நிக்கணும்?"

"நில்லுங்க... இந்த வரிசைல உங்களைத் தவிர வேற யாரும் இல்ல."