மஸ்டரில் இல்லாத மூச்சு

கூடத்துச் சுவரோடு முகத்தை ஒட்டி விருத்தகிரி ஆறாவது தடவை மூச்சை விட்டபோது மூச்சுமானி பச்சைக்கு வந்தது. இனி படுக்கையறை, சமையலறை, கடைசியில் தாய்த்தூண். அறுபத்தெட்டு வயதுக் கிழவனுக்கு வேறு என்ன வேலை கிடைக்கும்? மூச்சு விடக் கூலி. சிலர் பாட்டுப் பாடிக்கொண்டே விடுவார்கள். சிலர் தூங்கிவிடுவார்கள். தூங்கினாலும் குற்றமில்லை, குறட்டைக்கு மானி இன்னும் சீக்கிரம் பச்சையாகும். விருத்தகிரி மட்டும் கட்டட முதலாளியைத் திட்டிக்கொண்டே விடுவார்.

"குலோத்துங்கா, நீ விளங்குவியா? உன் கை புழுக்காதா?"

திட்டிவிட்டாலும் கரியமிலவாயு கரியமிலவாயுதான். சுவர் குடித்துக்கொண்டது.

ஆறுகளில் மணல் தீர்ந்து பன்னிரண்டு வருஷமாகிறது. சுரண்ட ஒன்றும் இல்லாமல் போனபிறகுதான் கட்டடக்காரர்களுக்கு விஞ்ஞானம் ஞாபகத்துக்கு வந்தது. அப்படி வந்ததுதான் உயிர்க்காரை. கண்ணுக்குத் தெரியாத உயிரிகளைச் சுண்ணாம்பில் குழைத்து ஊற்றுவார்கள். ஆட்கள் விடும் மூச்சைத் தின்று அவை கல்லாகும். விரிசல் விட்டால் தானே மூடிக்கொள்ளும். குடும்பம் பெருகப் பெருக வீடு கெட்டிப்படும். "ஆளில்லாத வீடு என்று ஒன்று இனி இந்த நாட்டில் நிற்க முடியாது" என்று அதைக் கண்டுபிடித்த அம்மாள் மேடையில் கண் கலங்கினாளாம்.

பாவம், அவளுக்கு நாட்டைத் தெரியவில்லை. இங்கே வீடு வாங்குகிறவன் குடியிருக்கவா வாங்குகிறான்? விலை ஏறட்டும் என்று பூட்டிப் போட வாங்குகிறான். கோடிக்கு மேல் வீடுகள் பூட்டிக் கிடந்தன. மூச்சு கிடைக்காத சுவர்கள் பட்டினியில் பொடியாக உதிர்ந்தன. வீட்டுச் சந்தை தலைகுப்புற விழுந்தது. உருளையில் வாயுவை அடைத்துக் கொண்டுவந்து பீய்ச்சிப் பார்த்தார்கள். சுவர் வீங்கி வெடித்தது. அதற்கு மனுஷ மூச்சின் ஈரமும் வெக்கையும் வேண்டும். அப்போதாவது குடிவைக்கத் தோன்றியதா? குடிவைத்தால் வீடு பழசாகிவிடும், விலை இறங்கிவிடும். அதனால் வீடில்லாதவர்களைக் கூலிக்குப் பிடித்துவந்து, காலையில் பூட்டைத் திறந்து உள்ளே விட்டு, மூச்சை வாங்கிக்கொண்டு, சாயங்காலம் வெளியே தள்ளிப் பூட்டினார்கள். வீட்டுக்குள் பால் காய்ச்சக்கூட விடமாட்டார்கள். அடுப்பு எரிந்தால் குடியேறியதாக ஆகிவிடுமாம்.

விருத்தகிரி இருபத்துநாலாம் மாடியில் பகலெல்லாம் இருந்துவிட்டு, ஏரிக்கு அந்தப்பக்கம் தகரக் கொட்டகையில் போய்ப் படுப்பார்.

அன்று மத்தியானம் மேற்பார்வை பார்க்கும் ஜெசிந்தா பலகைக் கணினியோடு வந்தாள்.

"பெரியவரே, இன்னையிலருந்து உங்க பேரு தங்கையா."

"போன தடவை பீட்டர்னு வெச்சியே, ஒரு ஆபீசர் வந்து எந்தச் சர்ச்சுன்னு கேட்டான். முழிச்சேன். இந்தத் தங்கையாவுக்கு எந்த ஊரு?"

"பேரு போதாதா? ஊரு வேற வேணுமா உங்களுக்கு?"

பதினோரு மாதத்துக்கு ஒருமுறை இந்தக் கூத்து. ஒரே ஆள் ஒரே வீட்டில் அதற்குமேல் மூச்சு விட்டால் மூச்சுரிமை என்று வீட்டில் பாத்தியதை கேட்பான், ஆளை மாற்று என்று வக்கீல்கள் சொல்லியிருந்தார்கள். ஆனால் காற்றில் ஆடுகிற உச்சி மாடிக்கு எவன் வருவான்? விருத்தகிரி தன்னோடு வேறு ஆளைக் கூட்டிவருவதில்லை. பீடி பிடிப்பதில்லை; புகை பட்டால் உயிரிகள் செத்துப்போகும் என்பதால் நாற்பது வருஷப் பழக்கத்தை ஒரே நாளில் விட்டவர். இப்படி ஒரு ஆளை விட்டுவிட்டு வேறு ஆளுக்கு எங்கே போவாள் ஜெசிந்தா? ஆளை மாற்றாமல் பேரை மாற்றினாள். எட்டேகால் வருஷத்தில் ஒன்பது பேர். விருத்தகிரி என்ற பேர் மட்டும் எதிலும் இல்லை.

"உன் மொதலாளிக்குத் தெரியுமா இது?"

"அவரா? ஆளுங்க மூஞ்சியை அவரு என்னைக்குப் பாத்தாரு? மானி பச்சையா இருந்தா போதும்."

அது விருத்தகிரிக்கு நன்றாகத் தெரியும். பதினேழு வருஷத்துக்கு முன்னால் இதே குலோத்துங்கனின் வேறொரு கட்டடத்தில் அவர் சென்ட்ரிங் வேலை பார்த்தார். அவர் பெண்டாட்டி தையல்நாயகி சித்தாள். அப்போதெல்லாம் பழைய கான்கிரீட்தான். தளம் போட்டால் இருபத்தோரு நாள் முட்டுக் கொடுத்து வைக்கவேண்டும். ஒன்பதாம் நாளே முட்டைப் பிரிக்கச் சொன்னார் குலோத்துங்கன். "பச்சையா இருக்குது மொதலாளி" என்றார் விருத்தகிரி. "நீ இன்ஜினியரா?" என்றார் குலோத்துங்கன். பிரித்த சவுக்குக் கட்டைகளைத் தையல்நாயகி பொறுக்கிக்கொண்டிருந்தாள். தளம் இறங்கியது.

போலீஸ் வந்தது. ஆட்களின் வருகை எழுதும் மஸ்டர் நோட்டைக் குலோத்துங்கன் விரித்துக் காட்டினார். சித்தாள்களின் பேரை அவர் எழுதுவதே கிடையாது. "அப்படி ஒரு ஆளு எங்கிட்ட வேலையே செய்யலையே" என்றார். அப்படியானால் அந்தப் பொம்பளை அங்கே எதற்கு வந்தாள்? அதற்கும் அவரிடம் பதில் இருந்தது. கம்பி திருட வந்தவள் என்று எழுதி முடித்தார்கள். செத்தவளைத் திருடி ஆக்கினார்கள். விருத்தகிரி கத்திப் பார்த்தார். அவர் பேரும் அந்த நோட்டில் இல்லை.

அன்றிலிருந்து அவர் யாரையும் நம்பவில்லை. குலோத்துங்கனின் கட்டடம் எங்கே எழும்புகிறதோ அங்கே கூலிக்குப் போனார். கடப்பாரையைத் தலையில் போடலாம் என்று இரண்டு தடவை நினைத்தார். தலை உடைந்தால் ஒருநாள் ஆறிவிடும், இல்லையென்றால் உயிர் போகும். அது போதாது என்று விட்டுவிட்டார்.

போதுமானது என்ன என்பதைச் சுவரே காட்டிக்கொடுத்தது. உச்சி மாடிக்கு வந்த மூன்றாம் வருஷம் நெஞ்சுச் சளியால் பத்து நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தார். திரும்பி வந்தபோது, மாற்றாளாக வந்தவன் தாய்த்தூணின் முன்னால் உட்கார்ந்து விழித்துக்கொண்டிருந்தான்.

"நானும் நெஞ்சு நோக ஊதறேன். பச்சையே வரமாட்டேங்குது. வெள்ளையாப் பொடி வேற கொட்டுது."

விருத்தகிரி அவனை அனுப்பிவிட்டு ஊதினார். சாயங்காலத்துக்குள் விரிசல் மூடிக்கொண்டது. நாய் வளர்த்தவனுக்கு இது புரியாதா? தூண் அவரைப் பழகிவிட்டது. இனி வேறு கையில் சோறு தின்னாது. படித்தவர்களுக்கு இது தெரியாமல் போனதற்குக் காரணம் அந்தப் பதினோரு மாதம்தான். எந்தச் சுவரையும் எந்த ஆளோடும் பழக விட்டால்தானே தெரிவதற்கு?

ஆலமரத்துக்கு வேர் அடியில். உயிர்க்காரைக் கட்டடத்துக்குக் கொழுந்து உச்சியில். அங்கிருந்துதான் தாய்த்தூண் வழியாக எல்லா மாடிக்கும் உயிர் இறங்கும். கொழுந்தைக் கிள்ளினால் செடி என்னவாகும் என்று விருத்தகிரிக்கு யாரும் பாடம் நடத்த வேண்டியதில்லை. வாயை மூடிக்கொண்டு, அதாவது திறந்து வைத்துக்கொண்டு, காத்திருந்தார்.

மொத்தக் கட்டடத்தையும் ஒரு வெளிநாட்டு நிதியத்துக்குக் குலோத்துங்கன் விற்கப்போகிறார், கைமாற்ற நாற்பது நாள் இருக்கிறது என்று தங்கையா பேரை ஏற்றிவிட்டுப் போகும்போது ஜெசிந்தா வாய்தவறிச் சொன்னாள். வேறெல்லாவற்றையும் அடகு வைத்து எழுப்பிய கட்டடம் அது. மறுநாள் காலையில் விருத்தகிரி தூணை ஒருமுறை தட்டிப் பார்த்தார். பிறகு மாடி மாடியாக இறங்கி ஒவ்வொரு கதவையும் தட்டினார்.

"சுவத்துல பொடி உதிர்ந்துச்சுன்னா அன்னைக்கே இறங்கிடுங்க. படியில இறங்குங்க, லிப்டு வேணாம். பொம்பளைங்க முதல்ல."

"ஏன் பெரியவரே, என்ன ஆச்சு?"

"எனக்கு வயசாயிடுச்சு. வேற ஒண்ணுமில்ல."

அன்றிலிருந்து அவர் உச்சி மாடிக்குப் போகவில்லை. பதின்மூன்றாம் நாள் பொடி உதிர்ந்தது. மூச்சுக்கூலிகள் எல்லாரும் படியில் இறங்கிக் கொட்டகைக்கு வந்து சேர்ந்தார்கள். விருத்தகிரி டீயைக் கையில் வைத்துக்கொண்டு ஏரிக்கரையில் உட்கார்ந்து பார்த்தார். காற்றடிக்கும்போதெல்லாம் கட்டடத்தின் தலையிலிருந்து மாவு பறந்தது. பதினேழு வருஷத்தில் அவர் குடித்த டீயில் அதுதான் ருசியான டீ.

இருபத்தைந்தாம் நாள் குலோத்துங்கனே வந்தார். வெள்ளைச் சட்டை, தோளிலும் தலையிலும் சுண்ணாம்புப் பொடி. பின்னால் ஜெசிந்தா, அழுது வீங்கிய முகத்தோடு.

"யோவ், நீதானா அந்த உச்சி மாடி ஆளு?"

"எந்த உச்சி மாடி?"

"விளையாடாத. இந்தம்மா எல்லாத்தையும் சொல்லிட்டா. நூத்திப்பத்துப் பேர ஏத்தி ஊத விட்டுப் பாத்தாச்சு. உயிர்க்காரை டாக்டருங்க அந்தத் தூணுல ஒரே ஒரு ஆளோட மூச்சுதான் இருக்குதுங்கறாங்க. கிளம்பு."

"பதிவுல பாருங்க மொதலாளி. தங்கையா இருப்பான். பீட்டர் இருப்பான். எம்பேரு விருத்தகிரி." டீயை ஒரு வாய் உறிஞ்சினார். "அப்படி ஒரு ஆளு உங்ககிட்ட வேலையே செய்யலையே."

குலோத்துங்கனுக்கு ஒன்றும் உறைக்கவில்லை. கேட்டவன் பதினேழு வருஷம் சுமந்த சொல், சொன்னவனுக்கு ஒரு நாள்கூடத் தங்கவில்லை.

"எவ்வளவு வேணும்? சொல்லுங்க பெரியவரே."

"காசு கேட்டேனா? தையல்நாயகின்னு ஒருத்தி. ஒம்பதாம் நாள் முட்டுப் பிரிச்ச தளம். இப்ப ஞாபகம் வருதா?"

குலோத்துங்கனின் முகத்தில் பொடியைவிட வெளுப்பான ஒன்று ஏறியது.

"நீ... அந்தக் கம்பி திருட வந்த..."

"அந்த வார்த்தைதான்யா!" விருத்தகிரி டம்ளரை ஓங்கித் தரையில் வைத்தார். "அந்த வார்த்தையை நீயே அடிக்கணும். மாஜிஸ்திரேட் முன்னால நின்னு, இவ எங்கிட்ட சித்தாள் வேலை செஞ்சவ, ஒம்பதாம் நாள் முட்டைப் பிரிக்கச் சொன்னது நான், இவ திருட வரலைன்னு உங்கையால எழுதணும்."

"எழுதினா நான் ஜெயிலுக்குப் போயிடுவேன் பெரியவரே."

"எழுதலைன்னா இருபத்துநாலு மாடியும் ஏரிக்குள்ள போயிடும். எது தோதுன்னு நீயே பாத்துக்க."

"கட்டடம் விழுந்தா ஊருக்கே நஷ்டம்யா."

"ஊருல எவன் குடியிருக்கான் அதுல?"

குலோத்துங்கன் நான்கு நாள் யோசித்தார். ஐந்தாம் நாள் பதினேழாம் மாடிப் பால்கனி உதிர்ந்து விழுந்தது. ஆறாம் நாள் எழுதினார்.

மாஜிஸ்திரேட் வாசித்தார்: "கட்டடத் தொழிலாளி தையல்நாயகி." விருத்தகிரி காதில் கையை வைத்துக்கொண்டு, "ஐயா, இன்னொருக்கா" என்றார். மாஜிஸ்திரேட் இன்னொரு தடவையும் வாசித்தார். சொன்ன வாக்கை எவன் காப்பாற்றினான்? முத்திரை போட்ட நகலைக் கையில் வாங்கி மடியில் சொருகிக்கொண்ட பிறகுதான் விருத்தகிரி லிப்டில் கால் வைத்தார்.

தூண் அவரை மறந்திருக்கவில்லை. மூன்று நாளில் உதிர்வது நின்றது. ஆனால் வாங்க வந்தவர்கள் ஓடிவிட்டார்கள். ஒருத்தன் மூச்சில் தொங்குகிற கட்டடத்தை எவன் வாங்குவான்? செய்தி பரவியதும் நாடு முழுக்க மூச்சுக்கூலிகள் பதினோரு மாதம் முடிந்தும் எழுந்திருக்க மறுத்தார்கள். வீடுகளின் விலைப்பட்டியலில் புதிதாக ஒரு பத்தி முளைத்தது: பழகிய மூச்சின் வயது, நெஞ்சுச் சளி உண்டா இல்லையா.

குலோத்துங்கனின் மற்றச் சொத்தெல்லாம் வங்கிக்குப் போயிற்று. வழக்கு நடக்கிறது. ஜாமீனில் வந்தவருக்குத் தங்க வேறு இடமில்லை. இருபத்துநாலாம் மாடியில்தான் இருக்கிறார், மூச்சுரிமைக்காரரான விருத்தகிரியின் தயவில். தூணுக்கு இன்னொரு மூச்சைப் பழக்க முடியும் என்கிறார்கள் டாக்டர்கள். பழைய ஆளும் புது ஆளும் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஆறு வருஷம் சேர்ந்து ஊதவேண்டும். அதற்குள் பழைய ஆள் போய்விட்டால் கட்டடமும் போகும்.

அதனால் தினமும் காலையில் குலோத்துங்கன் விருத்தகிரிக்குப் பக்கத்தில் சப்பணமிட்டு உட்கார்ந்து சுவரைப் பார்த்து வாயைப் பிளக்கிறார். மானி அவருக்கு இன்னும் சிவப்பையே காட்டுகிறது.

"வயித்துலருந்து ஊது மொதலாளி. முட்டைப் பிரிக்கச் சொன்னப்ப எவ்வளவு சத்தமா சொன்ன?"

"ஊதறேங்க ஐயா."

பதினோரு மணிக்கு அவரே அடுப்பைப் பற்றவைத்துப் பால் காய்ச்சுவார். விருத்தகிரியின் நெஞ்சுக்கு மிளகும் மஞ்சளும் தட்டிப் போடுவார். இரண்டு விரலால் நாடி பார்ப்பார். விருத்தகிரி தும்மினால் ஓடிவந்து ஜன்னலைச் சாத்துவார். ஒரு கூலியாளின் மூச்சை இந்தத் தேசத்தில் இவ்வளவு கவனமாக எந்த முதலாளியும் எண்ணியிருக்கமாட்டான்.

ஒருநாள் பால் பொங்கிவரும் நேரம். விருத்தகிரி மடியைத் துழாவினார். முத்திரை போட்ட நகல் இருந்தது. அதற்கடியிலிருந்து ஒரு கட்டுப் பீடியை எடுத்தார்.

"ஐயா! வேணாங்க ஐயா. தூணு தாங்காது. உங்க நெஞ்சும் தாங்காது."

"எனக்குத் தெரியும்."

"இன்னும் அஞ்சரை வருஷம் இருக்குதுங்க ஐயா."

"உனக்குத்தான் மொதலாளி அஞ்சரை வருஷம். என் வேலை கோர்ட்டுலயே முடிஞ்சுபோச்சு." பீடியை உதட்டில் வைத்துக்கொண்டு கையை நீட்டினார். "அந்தத் தீப்பெட்டியை இப்படிக் குடு."

குலோத்துங்கன் தீப்பெட்டியை நெஞ்சோடு இறுக்கிப் பிடித்துக்கொண்டு நின்றார். விருத்தகிரி சிரித்தார். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. தாய்த்தூணிலிருந்து ஒரு சிட்டிகைப் பொடி உதிர்ந்து பாலில் விழுந்தது.