ஊமைத்தகடு

பதுளையிலிருந்து ஷப்ராஸ் லொறியில் வந்து இறங்கியபோது காலை பத்து மணி. பால் கொடுக்க வந்த தாய்மார் மலைக்குத் திரும்பிக்கொண்டிருந்தார்கள். நான் கம்சலா. ஹாலிஎலக்கு மேலே ஒரு தோட்டத்தில் பிள்ளைக்காம்பரா பார்ப்பவள். கொழுந்து பறிக்கப் போகிறவர்களின் கைக்குழந்தைகள் பதினொன்றும் பகலெல்லாம் என் பொறுப்பு.

ஷப்ராஸ் ஹார்ட்வெயார் கடைக்காரன். ஒரு பிளேன்டீயாவது குடிக்காமல் எங்கள் தோட்டத்தைவிட்டுப் போனதே இல்லை. அன்று பிள்ளைக்காம்பராக் கூரையின் ஓட்டைத் தகரங்களைக் கழற்றிவிட்டு ஊமைத்தகடு போட்டுக் கொடுத்தான். தேநீரை நீட்டினேன், வேண்டாம் என்றான். வேலை முடிந்ததும் அந்தக் கூரைக்குக் கீழே ஒரு நிமிடம்கூட நிற்கவில்லை. என் சந்தேகம் அங்கேயே தொடங்கிவிட்டது.

ஊமைத்தகடு இரண்டு வருடமாகத்தான் ஊவாவில் கிடைக்கிறது. மண் சரிந்த மலைகளில், சரிவு காய்ந்த பிறகு, மரப்பட்டை போல அடுக்கடுக்காக விளைகிறது. சாம்பல் நிறம். துருப்பிடிக்காது. எத்தனை மழை கொட்டினாலும் உள்ளே சத்தம் வராது. பழைய தகரத்தில் மழை அடித்தால் பதினொரு பிள்ளைகளும் அலறி எழும்பும். இப்போது நன்றாகத் தூங்கின. தாய்மாருக்குச் சந்தோஷம்.

எனக்குத்தான் ஏதோ உறுத்தியது. தாலாட்டுப் பாடினால் என் குரல் எனக்கே பக்கத்து லயத்து வீடுகளில் யாரோ பாடுவது போலக் கேட்டது. ஈரமண் வாசனை வேறு. தரையைக் கழுவிக் கழுவிப் பார்த்தேன், போகவில்லை.

பின்னறையில் பால் காய்ச்சும்போது காதை மட்டும் தொட்டில்களிடம் விட்டுவிட்டுப் போவது என் வழக்கம். எந்தப் பிள்ளைக்குப் பசி, எதற்கு வயிற்றுவலி என்று அழுகையே சொல்லிவிடும். பதினெட்டு வருடப் பழக்கம். கூரை மாறிய பிறகும் ஒருநாள் அப்படித்தான் போனேன். நான் செய்த பிழை அதுதான்.

துணி எடுக்க உள்ளே வந்தவள் தற்செயலாகத்தான் பார்த்தேன். அன்னலட்சுமியின் எட்டு மாதப் பிள்ளை யதுஷிகா, சேலைத் தொட்டிலில் முகம் நீலமாகிக் கிடந்தாள். கக்கிய பால் தொண்டையில் அடைத்திருந்தது. வாய் முழுக்கத் திறந்திருந்தது.

சத்தம் இல்லை.

கவிழ்த்துப் போட்டு முதுகில் தட்டினேன். மூச்சு வந்தது.

அழுகை வரவில்லை.

வெளியே தூக்கிக்கொண்டு ஓடியும் வரவில்லை.

ஆஸ்பத்திரியில் தொண்டையில் ஒரு குறையும் இல்லை என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். ஊர் வாயை மூட உலைமூடி ஏது? நான் தூக்க மருந்து கொடுக்கிறேன் என்று லயமெல்லாம் பேச்சு. என் கண்முன்னாலேயே பால் போத்தலை முகர்ந்து பார்த்தார்கள். அன்னலட்சுமி சண்டைக்கு வரவில்லை. ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

“எம் புள்ளைக்கு என்னாக்கா குடுத்தீங்க?”

எனக்கு அவமானமாக இருந்தது, கோபமும் வந்தது. பதில் சொல்ல என்னிடம் அந்தக் கூரையைத் தவிர வேறொன்றும் இல்லை.

ஷப்ராஸுக்குப் போன் எடுத்தேன். மழுப்பிப் பார்த்தான், நான் விடவில்லை. கடைசியில் சொன்னான். அந்தத் தகடு வந்த சரிவுக்குக் கீழே ஒரு லயமே ஆட்களோடு புதைந்து கிடக்கிறதாம். மூன்று நாள் தோண்டினார்களாம். மண்ணில் காது வைத்துக் கேட்டார்களாம். ஒரு முனகல்கூட இல்லை என்றுதான் தோண்டுவதை நிறுத்தினார்களாம்.

“கத்தாம இருந்திருப்பாங்களா அக்கா?” என்று மெல்லக் கேட்டான். “அதக் கழட்ட வேணாம். அது குடிச்ச சத்தத்த எங்க கொட்டும்னு தெரியாது.”

அவன் பேச்சைக் கேட்டிருக்கலாம். ஆனால் பிள்ளையின் குரல் அந்தக் கூரையில்தான் இருக்கிறது என்று என் மனம் அடித்துச் சொன்னது. மறுநாள் உச்சிவெயிலில் தோட்டத்துத் தச்சர் மாடசாமியை ஏற்றிவிட்டுக் கழற்றச் சொன்னேன். அன்னலட்சுமி பிள்ளையோடு வாசலில் நின்றாள்.

கடைசித் தகடு கீழே இறங்கியது.

மழை கேட்டது.

அண்ணாந்து பார்த்தோம். வானம் வெளுத்துக் கிடந்தது. மழைச் சத்தம் யதுஷிகாவின் வாயிலிருந்து வந்தது. அடுத்து என் தாலாட்டு. அடுத்து அழுகை, அவளுடைய சொந்த அழுகை. “வந்துருச்சுக்கா” என்று அன்னலட்சுமி என் கையைப் பிடித்துக்கொண்டாள். நானும் அழுதுவிட்டேன்.

அழுகை நிற்கவில்லை. தடித்தது. ஆண்குரலானது. அதன் பின்னால் இன்னும் பல குரல்கள்.

“இங்கதான் இருக்கோம். தோண்டுங்க.”

அவ்வளவுதான். பிறகு பிள்ளை பால் குடித்துவிட்டுத் தூங்கிப்போனாள்.

ஒரு மாதமாகிறது. தகடுகளை ஷப்ராஸ் ஏற்றிக்கொண்டு போய்விட்டான். கூரையில் பழையபடி தகரம். தாய்மார் இப்போது போத்தலை முகர்வதில்லை. யதுஷிகா அழுகிறாள், சிரிக்கிறாள், தவழவும் தொடங்கிவிட்டாள்.

தவழும்போது மட்டும் நடுவில் நின்று, தரையில் காதை வைக்கிறாள்.

வெகுநேரம் கேட்கிறாள். பிறகு அந்தச் சின்ன நகங்களால் சீமெந்தைச் சுரண்டுகிறாள். நேற்று அன்னலட்சுமி பிள்ளையின் நகத்தை வெட்ட உட்கார்ந்தாள். வெட்ட ஒன்றும் மிச்சமில்லை.