தகரத்தில் சிரித்தவன்

மழைக்கு ஒதுங்கினால் இப்படியா ஆகும்...

வியாழக்கிழமை. அய்யலூர் சந்தை. ஆடுகளும் ஆட்களும் ஒன்றாக நனைந்துகொண்டிருந்த ஐப்பசி மாதத்துப் பிற்பகல். பள்ளிக்கூடத்தை முடித்துவிட்டு திண்டுக்கல் பஸ்ஸைப் பிடிக்க நோட்டுக் கட்டோடு ஓடிவந்த தாஹிரா டீச்சர், முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு பெட்டிக்கடைத் தாழ்வாரத்தில் ஒதுங்கினாள்.

கடைச் சுவரில் ஒரு தகரப் பலகை. மேலே சிவப்பு எழுத்தில் ‘ராஜாளி சிகரெட்’. கீழே விரலிடுக்கில் சிகரெட்டோடு சிரிக்கிற ஓர் இளைஞன்.

அந்த முகம் அவளுக்குப் புதிதில்லை. பேகம்பூரில் அவள் வீட்டுக்கு எதிர்க்கடையிலும் அதே பலகைதான். பாவாடை தாவணி நாளிலிருந்து, ஜன்னலைத் திறந்தால் அந்தக் கண்கள்... ஈரமாக, பளபளவென்று, அப்போதுதான் நல்ல சேதி ஒன்றைக் கேட்டவை போல. அவற்றை வெறுக்க அவளுக்கு நியாயமான காரணம் இருந்தது. ஆனாலும் ஜன்னலைத் திறந்ததும் பார்வை முதலில் அங்கேதான் போகும். ஏன் என்று அவள் தன்னைக் கேட்டுக்கொண்டதில்லை.

துணியில் சுற்றிய கண்ணாடி பாட்டில் ஒன்றை மார்போடு அணைத்தபடி ஒருவன் ஓடிவந்து பக்கத்தில் நின்றான். அவள் திரும்பினாள்.

தகரத்து மூக்கின் நுனியில் ஒரு மழைத்துளி. பக்கத்தில் நின்றவன் மூக்கு நுனியிலும் ஒரு மழைத்துளி.

அதே முகம். கன்னம் சற்று ஒட்டியிருந்தது, அவ்வளவுதான்.

“ஏலே, இங்க பாரு. ராஜாளிக்காரரு வந்துட்டாரு” என்று ஓர் ஆட்டு வியாபாரி குரல் கொடுத்தார். நாலைந்து பேர் நனைந்தபடியே கூடிவிட்டார்கள். முன்பெல்லாம் சிகரெட் கம்பெனியின் வண்டி சந்தைக்கு வரும். திரை கட்டிப் படம் காட்டி, முடிவில் ஆளுக்கொரு சிகரெட் இனாமாகக் கொடுக்கும். இப்போது புளியமரத்தடியில் நின்றது சுகாதார இலாகா வண்டி. ஆனால் திரை அதே போலத்தான் இருந்தது; வந்ததும் பலகையில் சிரிக்கிற அதே முகம்தான். வேறென்ன நினைப்பார்கள்?

“அய்யா, ஓசி சிகரெட்டு எப்பக் குடுப்பீங்க?”

“குடுக்க வரலண்ணே. சிகரெட்டை விடச் சொல்லத்தான் வந்திருக்கேன்.”

“நல்லா வெளாடுறீக. சரி, படம் முடிஞ்சே குடுங்க. நாங்க செத்த நேரம் இருந்து வாங்கிக்கிறோம்.”

தாஹிராவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அவன் பாவமாகப் பார்த்தான். “சிரிக்காதீங்க டீச்சர். எந்த ஊருக்குப் போனாலும் இதே கூத்துதான். நான் பேசி முடிச்சதும் கை தட்டுறாங்க. தட்டின கையை அப்படியே நீட்டுறாங்க.”

“உங்களுக்கு நல்லா வேணும்” என்றாள் அவள். சிரிப்பு போன இடம் தெரியவில்லை. “எங்க அத்தா பீடிகூடத் தொடாத மனுஷன். இந்த மூஞ்சியைப் பாத்து மயங்கித்தான் பத்த வச்சாரு. இப்ப படுத்தா இருமல், எந்திரிச்சா இருமல். நீங்க பாட்டுக்குச் சுவத்துல சிரிச்சுக்கிட்டு இருக்கீங்க.”

அவன் மழையையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு மெதுவாக, “அது சிரிப்பில்ல டீச்சர்... இருமல்” என்றான்.

“என்னது?”

அப்துல் கையூம் என்ற அந்த மனிதன், எதையும் பிரித்துப் பார்த்து விளக்குவதில் ஆசை உள்ளவன். சொல்ல ஆரம்பித்தான். மதுரையில் ஒரு போட்டோ ஸ்டூடியோவில் எடுபிடியாக இருந்தானாம். புகையைப் படம் பிடிப்பது லேசில்லையாம். முன்னாலிருந்து வெளிச்சம் அடித்தால் புகை தெரியவே தெரியாது. பின்னால் கறுப்புத் துணி கட்டி, பக்கவாட்டிலிருந்து விளக்கைக் காட்டினால்தான் சுருள் சுருளாக வெள்ளை விழும். அதற்காக அவனையே உட்காரவைத்து இழு இழு என்று இழுக்க வைத்தார்கள். அதுவரை அவன் சிகரெட்டே தொட்டதில்லை. புரையேறி, இருமி, கண்ணில் நீர் கட்டி, அப்பாடா என்று நிமிர்ந்த நொடியில் போட்டோக்காரர் அமுக்கிவிட்டார்.

“கண்ணீருல விளக்கு பட்டுப் பளபளன்னு விழுந்துருச்சு. கம்பெனிக்காரங்களுக்கு அந்தக் கண்ணுதான் பிடிச்சுது.”

தாஹிரா பலகையைப் பார்த்தாள். அவனைப் பார்த்தாள். இத்தனை வருஷமாக அவள் பார்த்துக்கொண்டிருந்தது ஒருவனுடைய கண்ணீரையா...

“அப்புறம் அதுவே பழக்கமாப் போச்சு. அந்தப் போட்டோக்கார அண்ணனை ஆஸ்பத்திரியில சேர்த்தப்ப, டாக்டரு எக்ஸ்ரேயை வெளிச்சத்துல தூக்கிக் காட்டினாரு. அம்புட்டு அழகா புகையை எடுத்த மனுஷன்... நெஞ்சுக்குள்ள அதே வெள்ளை. அன்னைக்கு விட்டேன். இந்த வண்டியில சேர்ந்தேன்.”

பஸ் வந்துவிட்டது. “உங்க அத்தாவை நான் வந்து பார்க்கலாமா?” என்று கேட்டான்.

“பேகம்பூர்ல தோல் மண்டி ஜமால் முகமதுன்னா யாரும் காட்டுவாங்க” என்று சொல்லிவிட்டு ஏறினாள். சொன்னது தன் வாய்தானா என்று வடமதுரை தாண்டும் வரை யோசித்துக்கொண்டே வந்தாள்.

அவன் வந்தான். வண்டியின் டிரைவர் சூசையும் கூட வந்தார். ஜமால் முகமதுவுக்குத் தலைகால் புரியவில்லை. ராஜாளிக்காரரே வீடு தேடி வந்துவிட்டார் அல்லவா? டீ என்ன, சமோசா என்ன. உள்ளறை வாசல் திரைக்குப் பின்னால் தாஹிரா நின்றாள்.

கையூம் பாட்டிலை மேசை மேல் வைத்தான். நிறையத் தண்ணீர். அடியில் ஒரு துளை, அதற்கொரு தக்கை. வாயில் கண்ணாடிக் குழாய், குழாய்க்குள் வெள்ளைப் பஞ்சு, குழாய் நுனியில் சிகரெட். பற்ற வைத்துவிட்டு அடித் தக்கையை எடுத்தான். தண்ணீர் கீழே வாளியில் ஒழுகியது. தண்ணீர் போன இடம் சும்மா இருக்காது. வெளிக்காற்று உள்ளே வந்தாக வேண்டும். அது வர எரிகிற சிகரெட்டை விட்டால் வேறு வழி இல்லை. ஆகவே பாட்டில், ஆள் நெஞ்சை விரித்து இழுப்பது போலவே இழுத்தது. சிகரெட் தீர்ந்ததும் பஞ்சை எடுத்து ஜமால் முகமதுவின் உள்ளங்கையில் வைத்தான்.

வெள்ளைப் பஞ்சு பழுப்பாகியிருந்தது. அந்த நிறம் அவருக்குத் தெரியும். தோல் பதனிடும் ஆவாரம்பட்டைத் தொட்டியில் ஊறவைத்து எடுத்த ஆட்டுத்தோலின் நிறம். பஞ்சை முகர்ந்து பார்த்தார். விரலால் தேய்த்துப் பார்த்தார்.

“உள்ளுக்குள்ள தோலைப் பதம் போட்டுக்கிட்டு இருந்திருக்கேன்” என்று மட்டும் சொன்னார்.

அன்றோடு அவர் சிகரெட்டைத் தொடவில்லை. ஆனால் கையூமின் பெயரை எடுத்தாலும் முகம் சுருங்கியது. தான் மயங்கிய முகமே வந்து, ‘நீர் ஏமாந்தீர்’ என்று சொல்லிவிட்டுப் போனதை அவரால் தாங்க முடியவில்லை.

வியாழக்கிழமைகள் வந்தன... மழையும் வந்தது. தாழ்வாரத்தில் இரண்டு முழம் தள்ளி நின்றுதான் பேசினார்கள். ஆட்டுக்கு ஏன் அசைபோடும் வயிறு, மின்னல் முதலில் தெரிந்து இடி ஏன் பிறகு கேட்கிறது, இப்படி. அவன் விளக்குவான். அவளுக்குப் பாதி முன்பே தெரியும். தெரியாதது போலக் கேட்டுக்கொள்வாள். அவன் கண்கள் இப்போது எந்த விளக்கும் இல்லாமலே பளபளத்தன.

ஒரு நாள் அவன், “வண்டி அடுத்த மாசம் பழனிப் பக்கம் மாறுது” என்றான். மறுநாள் காலை சூசை பேகம்பூருக்கு வந்து பெண் கேட்டார்.

ஜமால் முகமது பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: “சூசை, நீ நல்ல மனுஷன், உங்கிட்டச் சொல்றதுக்கென்ன. அன்னைக்குக் குடின்னு சிரிச்சான், குடிச்சேன். இன்னைக்கு விடுன்றான், விட்டேன். நாளைக்கு எம் பொண்ணு வேணும்பான், மறுநாள் வேணாம்பான். ரெண்டு பேச்சுக்காரனுக்குப் பொண்ணு இல்ல.”

திரைக்குப் பின்னால் தாஹிரா வாயைப் பொத்திக்கொண்டாள். அத்தா ஒரு முடிவு சொன்னால் அதை மீற இந்த வீட்டில் ஆள் இல்லை.

மழை பிடித்துக்கொண்ட ஞாயிற்றுக்கிழமை, கையூமே வந்தான். கையில் பாட்டில் இல்லை.

“அஸ்ஸலாமு அலைக்கும் மாமா.”

“வ அலைக்கும் ஸலாம். மாமாவாம்ல... உக்காரு.”

“நீங்க சொன்னது நியாயந்தான். ரெண்டு பேச்சு பேசினவன்தான் நான்.”

“சரி, இனிமே ஒரே பேச்சுன்னு நம்புறேன். சிகரெட்டை இனி ஜென்மத்துக்கும் தொட மாட்டேன்னு சத்தியம் பண்ணு. அப்பறம் பேசுவோம்.”

எவ்வளவு சுலபமான கேள்வி. தாஹிராவின் மனசு பட்டென்று லேசாயிற்று.

“பண்ண முடியாது மாமா” என்றான் கையூம்.

தாஹிரா மனசுக்குள் அவனைத் திட்டினாள்... பாவி மனிதா, ஒரு வார்த்தை, ஒரே ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?

“நான் விட்டு நாலு வருஷமாச்சு. ஆனா கூட்டத்துல பாட்டிலுக்காக சிகரெட்டைப் பத்த வைக்கிறது நான்தான். ஒவ்வொரு தடவையும் கை நடுங்கும். ஆசை இன்னும் சாகல. நாளைக்கு நான் எப்படி இருப்பேன்னு எனக்கே தெரியாது. தெரியாததைச் சத்தியம் பண்ணினா, அது நான் முன்னாடி தகரத்துல சிரிச்சுப் பாத்த வேலைதான். ஆசை வந்தா மறைக்காமச் சொல்லுவேன். அந்த வாக்குத்தான் என்னால தர முடியும்.”

ஜமால் முகமது மடியில் கிடந்த தன் விரல்களையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு குரலைத் தாழ்த்தி, “எந்நேரம் ரொம்ப இழுக்கும்?” என்று கேட்டார்.

“சாப்பிட்டுக் கை கழுவினதும்.”

“எனக்கு விடியக்காலையில சுபுஹு தொழுதுட்டு வந்ததும். டீ வாசம் வந்தாப் போச்சு, நெஞ்சு கெடந்து பறக்குது.” தொண்டையைச் செருமிக்கொண்டார். “விட்டுட்டேன்னு ஊரெல்லாம் பெருமையாச் சொல்லிப்புட்டேன். உள்ளுக்குள்ள படுற பாட்டை யாருகிட்டச் சொல்றது? வெக்கமா இருக்கு.”

“எங்கிட்டச் சொல்லுங்க மாமா.”

“பழனியில போய் உக்காந்துக்கிட்டா?”

“வாரா வாரம் வாரேன்.”

அவர் எழுந்தார். திரைப் பக்கம் திரும்பி, “தாயி, நீ கேட்டுக்கிட்டுத்தான் இருக்கன்னு தெரியும். நீ என்ன சொல்ற?” என்றார்.

பெண் பேசாமல் இருந்தாலே சம்மதம் என்பது வழக்கம். தலையைக் குனிந்து நின்றிருந்தால் போதும், எல்லாம் முடிந்திருக்கும். ஆனால் இப்போது, ஒரு மனிதன் உள்ளதை உள்ளபடி சொல்லிவிட்டு உட்கார்ந்திருக்கும்போது, தான் மட்டும் மௌனத்துக்குள் ஒளிந்துகொள்ள அவளுக்கு மனம் வரவில்லை.

“சம்மதம் அத்தா” என்றாள். “இன்னொண்ணு... வியாழக்கிழமையெல்லாம் நான் நேரங்கழிச்சு வந்ததுக்கு மழை காரணமில்ல. மழை விட்டப்பறமும் நின்னேன். பஸ்ஸு வந்துச்சு. நான்தான் ஏறல.”

திரைக்கு அந்தப் பக்கம் நாற்காலி நகரும் சத்தம் கேட்டது. கையூமின் குரல், விளக்கம் எதுவும் சொல்லத் தெரியாத குரல், மெல்ல வந்தது.

“நானும் வண்டியைக் கிளப்ப விடாமத்தான் நின்னேன்...”