எர்வேயின் மூன்று தட்டு

அடிப்பலகையை யாரோ தட்டினார்கள். டக், டக், டக். சாவகாசமான மூன்று தட்டு. குல்வெனின் கை தானாகப் போய் உள்ளிருந்து அதே இடத்தில் மூன்று முறை பதில் தட்டிவிட்டது. தட்டிய பிறகுதான் உறைத்தது. கீழே கடல் அல்லவா இருக்கிறது?

காலையில் பிரெஸ்ட் பக்கத்துத் தளத்திலிருந்து ஜெர்மன் நீர்மூழ்கி தேடக் கிளம்பிய பறக்கும் படகு அது, கடலிலும் இறங்கி மிதக்கும் மர விமானம். நடுவழியில் எஞ்சின் செத்து, கடலில் இறங்கி, நீட்டிய கை தெரியாத மூடுபனிக்குள் மிதந்துகொண்டிருந்தது. தலைக்கு மேலே எஞ்சினிலிருந்து சொட்டிய விளக்கெண்ணெயின் வாடையும், ஊறிய பலகையின் வார்னிஷ் நெடியும் மெக்கானிக் குல்வெனின் மூக்கில் ஏறின. உதட்டில் உப்பு கரித்தது. இருந்த ஒரே தூதுப் புறாவையும் சீட்டுக் கட்டிப் பறக்கவிட்டாயிற்று. அது கரை சேர்ந்தால் மீட்புப் படகு வரும். அதுவரை இந்த மரக்கூடு ஒழுகாமல் இருந்தால் போதும். ஞாயிற்றுக்கிழமை மகளுக்கு ஞானஸ்நானம். குழந்தையை அவன் இன்னும் கையில்கூட வாங்கவில்லை.

"சார், கேட்டீங்களா?"

விமானி லெஃப்டினண்ட் ரெமி முன்னிருக்கையிலிருந்து திரும்பக்கூட இல்லை. "எதை? உன் பல்லு தந்தியடிக்கிறதையா?"

அந்தத் தட்டு குல்வெனுக்குத் தெரியும். தளத்துப் படகுக் கொட்டகையில் அது அன்றாட வேலை. கரையேற்றிய படகின் வயிற்றுக்குள் குல்வென் தவழ்ந்து போவான். வெளியிலிருந்து தச்சன் எர்வே பலகை பலகையாகத் தட்டுவான். உள்ளே காய்ந்திருந்தால் அதே இடத்தில் பதில் தட்ட வேண்டும். பதில் வராவிட்டால் அங்கே தண்ணீர் தேங்கியிருக்கிறது என்று பொருள். எர்வே கைத் துரப்பணத்தை வைத்துச் சுழற்றி வடிகால் துளை போட்டுவிடுவான். கூப்பிட்டுச் சொல்லிப் பயனில்லை, எஞ்சின் இரைச்சலில் அவனுக்குக் காது போய் வருஷங்கள் ஆயிற்று; பதில் தட்டைப் பலகையில் வைத்த உள்ளங்கையால்தான் உணர்வான். "தூங்கிட்டியாடா தடியா? பதில் வரலைன்னா உன் முதுகுலயே ஓட்டை போட்டுடுவேன்" என்று சிரிப்பான். நல்ல மனுஷன், பாவம். போன மாதம் சோதனைப் பறப்புக்கு ஏறிப் போனவனை இதே கடல் விழுங்கிவிட்டது. உடல்கூடக் கிடைக்கவில்லை.

டக், டக், டக். அடுத்த பலகை.

தட்டமாட்டேன். குல்வென் இரண்டு கைகளையும் தொடைக்கடியில் திணித்துக்கொண்டான். சற்று நேரம் அலை மட்டும் சளப் சளப்பென்றது. பிறகு மரத்தை மரம் கடிப்பதுபோல ஒரு முனகல். பலகையிலிருந்து ஒரு சீவல் சுருண்டு எழுந்தது. அதன் பின்னாலேயே விரல் பருமனுக்குத் தண்ணீர் பீய்ச்சியது.

"சார்! துளை போடுறான்!"

"எவன்டா போடுறான்? ஆணி கழண்டிருக்கும். அடைச்சுத் தொலை, உளறாதே."

கழுத்துத் துண்டை அவிழ்த்துத் துளைக்குள் திணித்தான். திணித்து முடிப்பதற்குள் அடுத்த தட்டு. இந்த முறை பாய்ந்து பதில் கொடுத்தான். துரப்பணச் சத்தம் இல்லை. அப்பாடா.

ஆனால் அடுத்த தட்டு இன்னும் பின்னால் கேட்டது. அதற்கு அடுத்தது அதற்கும் பின்னால். இருக்கைக்குப் பின்னாலிருந்த திறப்பில் நுழைந்து வாலை நோக்கித் தவழ்ந்தான். போகப் போகக் குறுகும் கூடு அது. முதலில் முழங்காலிட்டு. பிறகு மண்டியிடக்கூட இடமில்லை, வயிற்றால் ஊர்ந்தான். கைகளை முன்னால் நீட்டி, ஒவ்வொரு பலகையாய்த் தேடித் தேடித் தட்டினான். தோள் இரண்டு பக்கமும் உரசியது. இருட்டு. எண்ணெய் நாற்றம். சொந்த மூச்சு முகத்திலேயே திரும்பி வந்து அடித்தது.

தட்டு அடியிலிருந்து பக்கவாட்டுக்கு ஏறியது. பதில் தட்டினான்.

தூரத்தில் ஊதல் ஒலித்தது.

"டேய் குல்வென்! படகு வந்துடுச்சுடா! புறா போய்ச் சேர்ந்துடுச்சு! வெளிய வாடா!"

அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தது அவனுக்கு. மகளே, வந்துட்டேன். பின்னால் நகர்ந்தான். முடியவில்லை. இடுப்புவார் எதிலோ மாட்டியிருந்தது. கையை மடக்கி எடுக்கவும் இடமில்லை.

ரெமியின் குரல் மறுபடி கேட்டது. அதில் இப்போது சந்தோஷம் இல்லை.

"யாருய்யா அது, வால் மேல? படகு இன்னும் கிட்டக்கூட வரலையே... அதுக்குள்ள எப்படி ஏறினே?"

டக், டக், டக்.

முதுகுக்கு நேர் மேலே.

கை எட்டாது. காலால் உதைத்தான். அது வேறு பலகை. தலையால் முட்டினான். அதுவும் வேறு பலகை.

"காய்ஞ்சிருக்குடா எர்வே! இங்க தண்ணியே இல்லடா! நான்தான்டா இருக்கேன்!"

மேலே மரம் முனகத் தொடங்கியது. நிதானமாக. ஒரு சுற்று. இன்னொரு சுற்று. ஈரமான சீவல்கள் கழுத்தில் உதிர்ந்தன. பிறகு தோள்பட்டைகளுக்கு நடுவே, சட்டைத் துணியின் மேல், சில்லென்று ஒரு முனை வந்து தொட்டது.

அது மெதுவாகச் சுழன்றது.