தனம் அக்காவுக்கு ஒரு போஸ்டர்

தனம் அக்கா இறந்த நாளிலிருந்து அபிகாயில் அழவே இல்லை. அது அவளுக்கே பயமாக இருந்தது.

பெரும்பாக்கம் குடியிருப்பில், அவர்கள் பிளாக்கில் பெரியவர்கள் காலையிலேயே வேலைக்குப் போய்விடுவார்கள். போகும்போது வீட்டுச் சாவியைக் கீழ்வீட்டுத் தனம் அக்காவிடம் கொடுப்பார்கள். பள்ளி விட்டு வரும் பிள்ளைகள் அவர் வாசலில் கையை நீட்டினால் போதும். எது யார் வீட்டுச் சாவி என்று அக்காவுக்குத் தெரியும். கூடவே ஒரு முறுக்கும் கிடைக்கும்.

அங்கே யாராவது இறந்தால் சுவரில் 'கண்ணீர் அஞ்சலி' போஸ்டர் ஒட்டுவார்கள். யாரோ ஒரு கட்சிக்காரரின் மாமனாருக்கு லிஃப்ட் கதவே மறையும்படி ஒட்டியிருந்தார்கள். லிஃப்ட் எப்படியும் ஓடாது, அது வேறு விஷயம். ஆனால் சொந்தம் என்று யாருமில்லாத தனம் அக்காவுக்கு ஒரு போஸ்டர்கூட இல்லை. அதைத்தான் அபிகாயிலால் தாங்க முடியவில்லை.

"நாமளே போடலாம்டா," என்றாள், பக்கத்து வீட்டுச் சூர்யாவிடம்.

அம்மாவின் போனில் இருந்த ஏஐ உதவியாளரிடம் கேட்டார்கள். அக்காவின் படம் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. மேல்வீட்டுக் குட்டிப் பெண் கெசியாவின் பிறந்தநாளில் எடுத்தது. அக்கா தலையில் காகிதக் கிரீடம் வைத்து, நாக்கை நீட்டிக்கொண்டு நின்றார். அதை அனுப்பி, 'இவங்களுக்குக் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் செஞ்சு குடு' என்று அபிகாயில் தட்டினாள்.

பதில் வந்தது. 'உயிரோடு இருப்பவரைக் கேலி செய்வதற்கு என்றால், நான் செய்ய மாட்டேன். அது அவரை நோகடிக்கும். படம் வேடிக்கையாக இருப்பதால் எனக்குப் புரியவில்லை, அதனால் கேட்கிறேன். இவர் உண்மையிலேயே இறந்துவிட்டாரா?'

அபிகாயிலுக்குக் கோபம் வந்தது. "இன்னாடா இது, நாம பொய் சொல்றோம்னு நெனைக்குது."

சூர்யா தலையைச் சொறிந்தான். "அது கேக்கறது கரெக்டுதான். போன வருசம் நான் நம்ம ஸ்கூல் லோகநாதன் சாருக்கு, அவரு உசுரோட இருக்கசொல்லவே, வெளாட்டுக்கு இப்டி ஒண்ணு போட்டேன்ல? சார் பையன் அத்த பாத்துட்டு அழுதுகினே வூட்டுக்கு ஓடினானாம்."

இத்தனை நாளும் எல்லோரும் 'அக்கா போயிட்டாங்க' என்றுதான் சொன்னார்கள். போனவர் திரும்பி வருவார் என்று அவள் மனம் எங்கோ நம்பிக்கொண்டிருந்தது. 'ஆமா, செத்துட்டாங்க' என்று ஒவ்வோர் எழுத்தாகத் தட்டினாள்.

'மிகவும் வருந்துகிறேன். அவர் உங்களுக்கு என்ன செய்தார் என்று சொல்லுங்கள், போஸ்டரில் எழுதலாம். படம் இதுவே போதுமா?'

'போதும். அவங்க இப்படித்தான் இருப்பாங்க.'

ஜெராக்ஸ் கடையில் அச்சிட்டு, அக்காவின் பூட்டிய கதவிலேயே ஒட்டினார்கள்.

'எங்கள் எல்லார் வீட்டுச் சாவியையும் வைத்திருந்த தனம் அக்காவுக்கு, கண்ணீருடன், பிளாக் பிள்ளைகள்.'

மறுநாள் பள்ளி விட்டு வந்தபோது, அந்தக் கதவின் முன் கெசியா பழக்கத்தில் கையை நீட்டியபடி நின்றிருந்தாள். அபிகாயில் தன் கழுத்துக் கயிற்றில் தொங்கிய சாவியைக் கழற்றினாள்.

"வா, உங்கம்மா வர்ற வரைக்கும் எங்க வூட்ல இரு."

கெசியா நகரவில்லை. "தனம் அக்கா இன்னாத்துக்கு நாக்க நீட்டிகினு கீறாங்க?"

"நாம அழக்கூடாதுன்னுதான்," என்றாள் அபிகாயில்.

சொல்லி முடிப்பதற்குள் அவள்தான் முதலில் அழுதாள்.