பயாஸ் சிப்பில் ஒரு முகம்

ஆயர் ஈத்தாமில் ரூபேந்திரன் நடத்தும் கணினிக் கடைக்கு, செத்துப்போன கணினியைக் கைக்குழந்தைபோல் அணைத்தபடி டொரத்தி ஆன்ட்டி வந்தார். மகள் அபிகெயிலும் கொழுந்தன் மரியநாதனும் கூட வந்திருந்தார்கள்.

"இதுல என் வீட்டுக்காரர் வராருப்பா," என்றார் ஆன்ட்டி. "அவரை அடக்கம் பண்ண மறுமாசத்துலேர்ந்து, தொறந்தாலே முதல்ல அவர் முகம். கோட்டு, டையோட! கல்யாணத்துக்கே கோட்டு போடாத மனுசன். மரியநாதன் ஹார்ட் டிஸ்க்கையே கழட்டிட்டாரு. அப்பவும் வந்தாரு. வீட்டை விட்டுப் போன்னு சொல்றார்போல. போன வாரம் அபிகெயில் வந்தப்ப கரண்டு போச்சு. அதோட இது எந்திரிக்கல."

"வீட்டை வித்துருங்க அண்ணி, நானே வாங்கிக்கிறேன்," என்றார் மரியநாதன்.

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். இங்கே பேய் வெளிச்சத்திலேயே வந்திருந்தது. ரூபேந்திரனின் மனைவி லோஷினி அவன் காதில், "கொழுந்தன் வேலைதாங்க, கன்ஃபர்ம் லா," என்றாள்.

அவன் மதர்போர்டிலிருந்த சின்னச் சிப்பைக் கிளிப்பால் கவ்வி, உள்ளே இருந்ததைப் படித்தான். பாதி அழிந்திருந்தது. மிச்சத்திலிருந்து ஒரு படத்தைப் பிரித்தெடுத்தான். திரையில் ஆன்ட்டியின் கணவர் பிரெட்ரிக் அங்கிள் எல்லோரையும் பார்த்தார். ஆன்ட்டி சிலுவை போட்டுக்கொண்டார். கடைக்குள் குளிர்ந்ததுபோல் இருந்தது.

"கம்ப்யூட்டர் முழிச்சதும் முதல்ல படிக்கிறது இந்தப் பயாஸ் சிப்பைத்தான். ஹார்ட் டிஸ்க் அப்புறம்," என்றான் ரூபேந்திரன். "இந்தக் கோட்டு, சாவுப் படத்துக்கு ஸ்டுடியோக்காரன் கம்ப்யூட்டர்ல மாட்டிவிட்டது. அப்போ அங்கிள் இறந்த பிறகுதான் யாரோ இதை ஏத்தியிருக்காங்க."

"இவர்தானே?" லோஷினி மரியநாதனைக் காட்டினாள்.

"இவருக்கு முகம் எங்க இருக்குன்னே தெரியாது. தெரிஞ்சா ஹார்ட் டிஸ்க்கை ஏன் கழட்டுறாரு? பயமுறுத்த நினைக்கிறவங்க படத்தை அழிக்கவும் மாட்டாங்க. சிப்பு பாதி அழிஞ்சிருக்கு; வச்சவங்களே அழிக்கப் போயி, சிப்பைத் திரும்ப எழுதறப்ப நடுவுல கரண்டு போயிருக்கு. அன்னிக்கு வீட்டுக்கு வந்தது யாரு?"

அபிகெயில் உடைந்து அழுதாள். "நான்தாம்மா. எனக்கு ரொம்ப தூரத்துல, கெலாங் பாத்தால வேலை. நீங்க தனியா இருக்கீங்க, அப்பா முகத்தைப் பார்த்தா ஆறுதலா இருக்கும்னு வச்சேன். நீங்க பயந்து வீட்டையே விக்கப் போனதும் அழிக்கப் பார்த்தேன். சொல்ல வாய் வரல."

ஆன்ட்டி அவள் தலையைத் தடவினார். பிறகு ரூபேந்திரனிடம், "அழிச்சுட்டுப் புதுசா எழுதிருப்பா," என்றார். அவன் சிப்பில் புதிய பயாஸை எழுதினான். கணினி எழுந்தது. முகம் வரவில்லை.

"இனி பயமில்ல ஆன்ட்டி. வீட்டை விக்க வேணாம்ல?" என்றாள் லோஷினி.

"விக்கல. பயம் போச்சும்மா." ஆன்ட்டி திரையைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "அவரும் போய்ட்டார்."