சாய்த்து வைத்த குவளை

முதல் ப்ரூவரிக்கு நாங்கள் போய்ச் சேர்ந்தபோது வெயில் இன்னும் ஏறவில்லை. தேவாலயச் சுவரோரம் சைக்கிள்களைப் பூட்டிவிட்டு முற்றத்துக்குள் நுழைந்தோம். உள்ளே பீருக்காகத் தானியம் வேகிற வாசனை, பெரிய அண்டாவில் கஞ்சி காய்ச்சுவதுபோல. எனக்கு அது பசியைக் கிளப்பும். என் தம்பி லோரென்ஸ் மூச்சைப் பிடித்துக்கொண்டு அதைக் கடந்தான்.

அவன் குடியை விட்டு எட்டு மாதம். அதில் கடைசி மூன்று மாதமாகத்தான் அவன் மனைவி குட்ரூன் அவனை வீட்டுக்குள் விட்டிருந்தாள். தினமும் சாயங்காலம் அவள் எதிரில் ஒரு சின்னக் கருவியில் அவன் ஊத வேண்டும். பூஜ்யம் வந்தால் சாப்பாடு, வராவிட்டால் வாசல். அப்படித்தான் பேச்சு.

அப்படிப்பட்டவனுக்கு ப்ரூவரி ப்ரூவரியாக ஒரு சைக்கிள் பயணம் தேவையா என்று நீங்கள் கேட்பீர்கள். நானும் கேட்டேன். எங்கள் ஃபிராங்கன் மலைநாட்டில் தேவாலயம் இல்லாத ஊர் இருக்கலாம், ப்ரூவரி இல்லாத ஊர் கிடையாது. குவளைப் படம் போட்ட வழிப்பலகைகளைப் பார்த்துக்கொண்டே பள்ளத்தாக்கோரமாக ஒரு பகல் முழுக்க மிதித்தால் கடைசியில் ரயில் நிலையம் வந்துவிடும். வழிகாட்டி வேண்டாம், யாரும் வேண்டாம். சின்ன வயதிலிருந்து வருடம் தவறாமல் போகிற வழி. "இதையே நான் தாண்டலேன்னா சாகற வரைக்கும் வீட்டுக்குள்ளயே அடைஞ்சு கிடக்க வேண்டியதுதான்" என்று ஒற்றைக்காலில் நின்றான்.

"பாலுக்குப் பூனையக் காவல் வெச்ச கதைதான்" என்றாள் குட்ரூன். பிறகு என் பக்கம் திரும்பி, "நீங்க கூடப் போறதா இருந்தா சரி அண்ணி. போற மாதிரியே திருப்பிக் கொண்டாந்து விடுங்க" என்றாள். சாயங்காலம் கடைசி நிலையத்துக்கு அவளே காரோடு வருவதாக ஏற்பாடு.

என்னை அவள் நம்பியதற்குக் காரணம் உண்டு. ரயிலில் டிக்கெட் பரிசோதித்தே தலை நரைத்தவள் நான். கழிப்பறையில் ஒளிகிறவன், தூங்குவதுபோல நடிக்கிறவன், "இப்பதான் தொலைஞ்சுது" என்று கண்ணைக் கசக்குகிறவள், யாராக இருந்தாலும் பெட்டிக்குள் நுழையும்போதே எனக்கு மூக்கில் வியர்த்துவிடும்.

முற்றத்தில் எனக்கு ஒரு குவளை பீர், அவனுக்கு சோடா கலந்த ஆப்பிள் சாறு. கொண்டுவந்து வைத்த கடைக்காரி இடுப்பில் கைவைத்துக்கொண்டு பார்த்தாள்.

"ஆம்பள ஜூஸு, அம்மா பீரு. உலகம் தலைகீழாத்தான் போச்சு."

"அவன் கோட்டாவையும் சேத்து முன்னாடியே குடிச்சு முடிச்சுட்டான்மா" என்றேன். லோரென்ஸே சிரித்துவிட்டான். நல்ல நாளாக இருக்கும் என்றுதான் எனக்கும் பட்டது.

இரண்டாவது நிறுத்தம் லிண்டன்ராய்ட் மலைமேல். அந்தக் காலத்தில் பீரைக் குளிர்ச்சியாக வைக்கப் பாறைக்குள் குடைந்த கிடங்கு அது. கிடங்கின் மேலே லிண்டன் மரங்கள், மரத்தடியில் நீளமான பெஞ்சுகள். ஜன்னலில் போய் நாமே குவளையை நிரப்பி வாங்கிவர வேண்டும். எங்கள் நீள மேஜையின் அந்தக் கோடியில் ஒரு சாம்பல் நிற மண்குவளை படுத்துக் கிடந்தது. ஆள் இல்லை.

எங்கள் பக்கத்தில் குவளையைச் சாய்த்துப் படுக்க வைத்தால் "இன்னும் தாகமாக இருக்கிறேன்" என்று அர்த்தம். ஜன்னலுக்குப் போகிறவர் தன் குவளையோடு அதையும் எடுத்துக்கொண்டு போவார். யாருடையது, எவருடையது என்று கேட்பதில்லை. இன்று நான் உனக்கு, நாளை நீ எனக்கு. என் வாழ்நாளில் படுத்த குவளையைப் பார்த்துவிட்டுச் சும்மா வந்ததே இல்லை. அன்றும் எடுத்தேன்.

கையில் எடுத்தபோது அது பனிக்கட்டிபோலச் சில்லிட்டிருந்தது.

நிரப்பிக் கொண்டுவந்து கோடியிலேயே வைத்தேன். யாரும் வரவில்லை. என் குவளையை முடித்தேன், கருப்பு ரொட்டியும் பன்றிக்கறியும் சாப்பிட்டேன். கிடங்கின் இரும்புக் கதவு ஒருக்களித்துத் திறந்திருந்தது. உள்ளிருந்து ஈரக்கல் வாசனையோடு ஒரு காற்று வந்து கழுத்தைத் தடவியது. ஒரு நிமிடம் கண்ணை மூடியிருப்பேன்.

திறந்தபோது அந்த மண்குவளை மறுபடியும் படுத்துக் கிடந்தது. விளிம்பிலிருந்து நுரை மேஜையில் சொட்டிக்கொண்டிருந்தது. எதிரே லோரென்ஸ் பேயறைந்தவன்போல என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

"யாருடா குடிச்சது?"

"என்னக்கா கேள்வி இது?"

"கேட்டதுக்குப் பதில் சொல்லு."

"நான் இல்ல."

டிக்கெட் இல்லாதவன் முகம் எப்படியிருக்கும் என்று எனக்குத் தெரியும். கண் நம் கண்ணில் நிற்காது, கை பையைத் தேடும். அவன் கண் என் கண்ணில் நிற்கவில்லை. கை பையின் வாரைத் திருகிக்கொண்டிருந்தது. ஆனாலும் கையும் களவுமாகப் பிடிக்காமல் வாயைத் திறக்கக் கூடாது என்பது என் தொழில் பழக்கம். எழுந்து சைக்கிளை எடுத்தேன்.

அதன்பின் பாதை மலை இடுக்கில் இறங்குகிறது. இரண்டு பக்கமும் செங்குத்தான பாறை, நடுவில் ஓடை. மிதிக்கவே வேண்டாம், சைக்கிள் தானாக ஓடும். சக்கரங்கள் டிக் டிக் டிக் என்று சுழலும் சத்தம் பாறையில் பட்டுத் திரும்பியது. முன்னால் லோரென்ஸ், பின்னால் நான்.

எனக்குப் பின்னால் இன்னொன்று.

ஒதுங்கி வழிவிட்டேன். யாரும் முந்தவில்லை. பிரேக் பிடித்தேன். என் சக்கரம் நின்றது. முன்னால் அவனும் நின்றான்.

டிக் டிக் டிக்.

பிறகு அதுவும் நின்றது. திரும்பிப் பார்த்தேன். காலியான பாதை, அவ்வளவுதான்.

"எதிரொலியா இருக்கும்" என்றேன். லோரென்ஸ் எனக்குப் பின்னால் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தான்.

மூன்றாவது இடம் ஓடைநீரில் சுழலும் ஆலைச்சக்கரம் பக்கத்தில் ஒரு சின்ன ப்ரூவரி. அடுத்து ஏற்றம் என்பதால் நான் காபிதான் கேட்டேன். அவன் வழக்கம்போல ஆப்பிள் சாறு. பரிமாறும் பெண் காபியையும் சாற்றையும் வைத்தாள். கூடவே நுரை பொங்க ஒரு பீர்.

"நாங்க பீர் கேக்கலயே?"

"உங்ககூட வந்தவரு கேட்டாரே. சைக்கிள நிறுத்திட்டு வந்துடறேன்னாரு."

"எங்ககூட யாரும் வரலம்மா."

அவள் வாசலைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், தோளைக் குலுக்கிவிட்டுப் போனாள். நான் லோரென்ஸைப் பார்த்தேன். எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. உள்ளே கை கழுவப்போன சாக்கில் இவனே ரகசியமாகச் சொல்லி வைத்திருக்கிறான்! என்ன கற்பனை, கூட வந்தவராம்!

அந்த நேரம் பார்த்து என் போன் அடித்தது. குட்ரூன்.

"எப்படி அண்ணி இருக்காரு?"

"இருக்கான்" என்றேன். எழுந்து சுவர்ப்பக்கமாகப் போய் இரண்டு வார்த்தை பேசிவிட்டுத் திரும்பி வந்து உட்கார்ந்தேன். போனைப் பையில் வைத்தேன். நிமிர்ந்தேன்.

குவளை படுத்துக் கிடந்தது.

"அக்கா" என்றான் லோரென்ஸ். "வேணாம்க்கா. போயிடலாம். குட்ரூனை இப்பவே வரச் சொல்லு."

"ஏன், அவ முன்னாடி ஊதறதுக்கா? இப்பவே ஊது. என் மூஞ்சில ஊது."

மேஜைமேல் குனிந்து என் மூக்கை அவன் வாயருகே கொண்டுபோனேன். பீர் வாசனை குப்பென்று அடித்தது. அதன் அடியில் ஈரக்கல் வாசனை.

"எட்டு மாசம்டா! அந்தப் பொண்ணு உன்ன நம்பி வீட்டுச் சாவிய மறுபடி கையில குடுத்தாளே!"

"அது என் வாய் இல்லக்கா."

அந்தப் பதிலைக் கேட்டதும் எனக்கு ஆத்திரம் தலைக்கேறியது. அவன் எதிரிலேயே குட்ரூனை அழைத்து, "குடிச்சுட்டான்" என்று ஒரே வார்த்தையில் சொன்னேன். "சரிங்க அண்ணி, அவர் துணிமணிய எடுத்துக்கிட்டு வரேன்" என்றாள். அழவில்லை. அழுதிருந்தால்கூடத் தேவலை.

கடைசி ஏற்றத்தை இருவரும் ஏறினோம். நிலையத்தில் ரயிலும் இல்லை, ஆளும் இல்லை. வெயில் சாய்ந்து தண்டவாளம் மஞ்சளாகிவிட்டது. பெஞ்சில் உட்கார்ந்ததும் லோரென்ஸ் பையிலிருந்து கருவியை எடுத்து என் முன்னால் ஊதினான். நீளமாக, மூச்சு முட்டுகிறவரை. பிறகு திருப்பிக் காட்டினான்.

பூஜ்யம்.

"கெட்டுப்போச்சு இது" என்றேன்.

"அப்ப நீ ஊது."

"நான் காலையில ஒண்ணு, மலைமேல ஒண்ணு குடிச்சேன். வரத்தான் செய்யும்."

"ஊதுக்கா."

ஊதினேன். எண் ஏறியது, நின்றது, மறுபடி ஏறியது. லோரென்ஸ் மோசமாக இருந்த நாட்களில்கூட அப்படி ஓர் எண்ணை நான் பார்த்ததில்லை. ஏற்றத்தில் மிதித்து வந்த எனக்குத் தலைகூடச் சுற்றவில்லை.

"நீதான் குடிச்ச" என்றான். குரல் கிசுகிசுப்பாக இருந்தது. "ரெண்டு தடவையும். மலைமேல கண்ண மூடினபடியே எழுந்து போய் அந்தக் குவளைய எடுத்த. இடது கையால. ஒரே மடக்குல. அப்புறம் பெருவிரலாலயும் சுட்டுவிரலாலயும் மீசைய வழிச்சு விடற மாதிரி இப்படி..." செய்து காட்டினான். "குவளையப் படுக்க வெச்சுட்டு வந்து உட்கார்ந்து கண்ணத் திறந்து, யாருடா குடிச்சதுன்னு என்னையே கேட்ட."

"பைத்தியக்காரா, அங்கயே சொல்றதுக்கென்ன?"

"என்னைச் சோதிக்கறேன்னு நெனச்சேன். நீ குடிச்சுட்டு என்மேல பழிபோட்டு, நான் எப்படி நடந்துக்கறேன்னு பாக்கச் சொல்லி குட்ரூன் அனுப்பிச்சிருக்கான்னு. ரெண்டாவது தடவை நீ போன வெச்சதும் கண்ணு மூடிக்கிச்சு. அப்பதான் உன் முகத்த நல்லாப் பாத்தேன்." பெஞ்சில் என்னைவிட்டுக் கொஞ்சம் நகர்ந்து உட்கார்ந்தான். "அது யாருன்னு எனக்குத் தெரியாதுக்கா. ஆனா நீ இல்ல."

என் இடது கையைப் பார்த்தேன். அது மடியில் கிடந்தது. மரத்துப்போனதுபோலச் சில்லென்றிருந்தது. எனக்கு அழுகை வந்தது. இருபது வருடமாக அடுத்தவன் முகத்தையே படித்துக்கொண்டிருந்தவளுக்கு என் முகத்தில் யார் ஏறி உட்கார்ந்திருக்கிறார் என்று தெரியவில்லை.

குட்ரூனின் கார் வந்தது. இறங்கியவள் கையில் அவனுடைய பழைய பச்சைப் பெட்டி. அவன் அவள் முன்னால் நின்று ஊதினான். அவள் எண்ணைப் பார்த்தாள். நம்பாமல் இன்னொரு தடவை ஊதச் சொன்னாள். பிறகு பெட்டியைத் தரையில் வைத்துவிட்டு அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டு அழுதாள்.

"நான்தான் தப்பாச் சொல்லிட்டேன்மா" என்றேன்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னை முகர்ந்தாள். "இன்னிக்கு நீங்கதான் அண்ணி ஒரு கை பாத்துட்டீங்க போல." கோபமில்லாமல்தான் சொன்னாள். வீட்டுக்காரர் தப்பிய சந்தோஷத்தில் என்னை மன்னித்துவிட்டாள்.

சைக்கிள்களைப் பின்பக்கத் தாங்கியில் மாட்டினோம். பச்சைப் பெட்டியும் எங்கள் பைகளும் டிக்கியில் போயின. லோரென்ஸ் முன்னால் உட்கார்ந்தான். நான் பின்னால் ஜன்னலோரம் உட்கார்ந்து பெல்ட்டைப் போட்டுக்கொண்டேன். போன மாதிரியே தம்பியைத் திருப்பிக் கொடுத்தாகிவிட்டது என்று நினைத்துக்கொண்டேன். வீட்டுக்குப் போய்ப் படுத்துத் தூங்கினால் எல்லாம் சரியாகிவிடும்.

கார் நகர்ந்ததும் மணி அடிக்க ஆரம்பித்தது. டிங், டிங், டிங்.

"பெல்ட்டுப் போடுங்க அண்ணி."

"போட்டிருக்கேம்மா."

"பின்சீட்டுல யாரோ போடலன்னு காட்டுதே." அவள் முன்பலகையில் சிவப்பாக மின்னிய விளக்கைத் தட்டினாள். "நடு சீட்டு. அதுமேல கனமா எதையாவது வெச்சிருக்கீங்களா?"

நடு சீட்டில் எதுவும் இல்லை. முன்சீட்டில் லோரென்ஸ் திரும்பவில்லை. கண்ணாடியில் அவன் முகம் மட்டும் வெளுத்தது.

டிங், டிங், டிங்.

இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் திணித்து அவற்றின்மேல் உட்கார்ந்தேன். என்ன ஆனாலும் எடுக்கக் கூடாது என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

என் பக்கத்தில் பெல்ட் மெதுவாக இழுபடும் சத்தம் கேட்டது.

கிளிக்.

மணி நின்றது. "அப்பாடா, தேங்க்ஸ் அண்ணி" என்று சொல்லிவிட்டு குட்ரூன் வண்டியை வீட்டுப் பக்கம் திருப்பினாள்.